தகப்பன் கட்டம்

பத்துப் பொருத்தம் பார்த்துக் கல்யாணம் செய்கிற ஊரில் அரசாங்கம் பதினோராவதாக ஒரு பொருத்தத்தைச் சேர்த்தபோது யாரும் பெரிதாகக் கண்டுகொள்ளவில்லை. இது கல்யாணத்துக்கு இல்லை, பிறப்புக்கு. எங்கோ ஒரு மருத்துவமனையில் இரண்டு குழந்தைகள் மாறிப்போய், ஏழு வருடம் கழித்து அது தெரியவந்து, இரண்டு வீட்டிலும் பிள்ளையைப் பிடுங்கி மாற்றிக் கொடுத்தார்கள். டி.வி.யில் அந்தப் பிள்ளைகள் அழுததைப் பார்த்து ஊரே அழுதது, நானும்தான். அந்த அழுகையோடு அழுகையாகக் கொண்டுவந்ததுதான் பிறப்புக் குருதிச் சட்டம். நல்ல எண்ணத்தில் வந்த சட்டம் என்பதால் அதை எதிர்த்துப் பேச யாருக்கும் வாய் வரவில்லை.

என் பெயர் எஸ்தர் ஞானசெல்வி. தாமிரபரணிக் கரையோரம் ஓர் அரசு மருத்துவமனையில் ரத்தப் பரிசோதனைக் கூடம் என்னுடையது. முப்பத்திரண்டு வருடமாக ஊரார் விரலைக் குத்தியே பிழைத்தவள். கடைசி ஒன்பது வருடமாக அதுவும் இல்லை, குருதிக்கண் வந்துவிட்டது. சுவர்க்கடிகாரம் அளவில் ஒரு பெட்டி. அதன்மேல் விரலை வைத்தால் நகத்துக்குள் வெளிச்சம் பாய்ச்சி இரண்டே நொடியில் ரத்த வகையைச் சொல்லிவிடும். ஊசி இல்லை, வலி இல்லை, எனக்கு வேலையும் இல்லை.

எல்லாருடைய ரத்த வகையும் அதற்குத் தெரியும். அப்பா இன்னது, அம்மா இன்னது, பிள்ளை இன்னது என்று மூன்றையும் ஒப்பிட்டு, சரியாக இருந்தால் பிறப்புச் சான்றிதழைத் தானே நிரப்பிவிடும். சரியாக இல்லையென்றால் ஒரு சீட்டு வரும். ‘பதிவிலுள்ள தந்தையின் குருதி வகை பொருந்தவில்லை.’ தந்தை பெயர் எழுதவேண்டிய கட்டத்தில் ஒரு கோடு விழும். பதினைந்து நாளுக்குள் முறையிடாவிட்டால் அந்தக் கோடு நிலைத்துவிடும். ஏன் தந்தையை மட்டும் சொல்கிறது என்றால், தாய் கண்ணெதிரே கட்டிலில் கிடக்கிறாள், அவளை எப்படி இல்லையென்பது? அந்தச் சீட்டைக் கிழித்துக் குடும்பத்தார் கையில் கொடுப்பது என் வேலை. ஒன்பது வருடத்தில் நாற்பத்தொரு சீட்டு கொடுத்திருக்கிறேன். ஒருமுறைகூட வாங்குகிறவர்கள் முகத்தை நிமிர்ந்து பார்த்ததில்லை.

நாற்பத்திரண்டாவது சீட்டு இசக்கிப்பிரியாவுக்கு வந்தது.

அவளை எனக்குத் தெரியும். வாழைத்தோட்டங்களுக்கு ட்ரோனில் மருந்து அடிக்கிற பெண். வெயிலில் கறுத்தவள், யாரிடமும் வெடுக்கென்று பேசுவாள். புருஷன் முத்துக்கவின் பஸ் டிப்போவில் பேட்டரி மெக்கானிக். அவன் அம்மா செல்வராணி என் தெருதான், தையற்கடை வைத்திருக்கிறாள், என் ஜாக்கெட்டெல்லாம் அவள் தைத்ததுதான். கவினின் அப்பா இறந்து ஆறு வருடமாகிறது.

அன்றைக்கு செல்வராணி சேனைத்தண்ணி வைக்க ஒரு சின்னக் கிண்ணத்தில் சீனியைக் கரைத்துக்கொண்டு பிரசவ வார்டு வாசலில் நின்றாள். முதல் இனிப்பை யார் நாக்கில் வைக்கிறார்களோ அவர்கள் குணம் பிள்ளைக்கு வரும் என்று எங்கள் பக்கம் ஒரு நம்பிக்கை. “என் குணம் வந்தா பிள்ள பிழைச்சுக்கிடும், இவ குணம் வந்தா ஊரே ஓடும்” என்று மருமகளைக் கேலி பேசிக்கொண்டிருந்தாள். நான் சீட்டைக் கொண்டுபோய் நீட்டினேன். அப்பா ஓ, அம்மா ஓ, பிள்ளை பி. செல்வராணி படித்தாள். கிண்ணத்தைச் சன்னல் திண்டில் வைத்தாள். உள்ளே போகாமல் படியிறங்கிப் போய்விட்டாள். மகனும் பின்னாலேயே போனான்.

பதினோராவது நாள் இசக்கிப்பிரியா கைக்குழந்தையோடு என் கூடத்துக்கு வந்து நின்றாள். தாய்வீட்டிலிருந்து தனியாக பஸ்ஸில் வந்திருந்தாள். பச்சை உடம்புக்காரி, நிற்க முடியவில்லை, ஆனால் நாற்காலியைக் காட்டினால் உட்காரமாட்டேன் என்கிறாள்.

“எஸ்தரக்கா, நான் சத்தியம் பண்ண வரல. சத்தியத்துக்கு இங்க கவுண்டர் கிடையாதுன்னு தெரியும். ஒண்ணே ஒண்ணு கேக்கணும். அந்தப் பெட்டி தப்பே சொல்லாதா?”

“அது பாக்குததைத்தான் சொல்லும்மா.”

“அப்ப அது பாக்காத எதுவோ இருக்கு. ஏன்னா எனக்குத் தெரியும்லா, நான் எப்படி இருந்தேன்னு. அவியளுக்குத் தெரியாது, உங்களுக்குத் தெரியாது. எனக்குத் தெரியும்.” குரல் உடையவில்லை. கண் மட்டும் தானாக வழிந்தது. “இவன் நாளைக்குப் பள்ளிக்கூடத்துக்குப் போவான். எல்லாப் பேப்பர்லயும் அந்தக் கோடு கூடவே போவும்லா அக்கா.”

எனக்கு வெட்கமாக இருந்தது. நாற்பத்தொரு பேருக்குச் சீட்டு கொடுத்தவள் நான், அதில் ஒருத்தரிடமும் உட்கார்ந்து இரண்டு வார்த்தை கேட்டதில்லை. அந்த வெட்கத்தில்தான் கேட்டேன்.

“உங்க அம்மா அப்பா சொந்தமா, அசலா?”

“சொந்தம்தான். அம்மாவுக்குத் தாய்மாமன்தான் அப்பா. அசல்ல பொண்ணெடுத்தது தப்பாப் போச்சுன்னு அத்தை இப்ப சொல்லிட்டுத் திரியாங்க.”

தாய்மாமன் என்று அவள் சொன்னதும் எனக்குப் பொறிதட்டியது. வேலைக்கு வருமுன் படித்த படிப்பில் ஒரே ஒரு பக்கம் வந்த பாடம். பரீட்சையில்கூட அதை யாரும் கேட்டதில்லை.

“உக்காரு. கையை நீட்டு. இன்னைக்குக் குத்தப் போறேன்” என்றேன்.

குருதிக்கண் வந்த பிறகு பழைய சாமான்களை எல்லாம் கழித்துக்கட்டச் சொல்லியிருந்தார்கள். நான் ஒரு பெட்டி சோதனைக்குழாயும் ரத்தம் சுழற்றுகிற மெஷினும் ஒளித்து வைத்திருந்தேன். பெரிய தீர்க்கதரிசனம் ஒன்றும் இல்லை, தூக்கிப்போட மனசில்லை, அவ்வளவுதான். குருதிக்கண் சிவப்பணுவை மட்டும் பார்க்கும். ரத்தத்தில் தெளிந்து நிற்கிற நீரைப் பார்க்காது. அந்தக் காலத்தில் நாங்கள் இரண்டையும் பார்ப்போம், ஒன்று சொல்வதை மற்றது ஆமோதிக்க வேண்டும். ஓ வகைக்காரியின் தெளிநீரில் ஏ ரத்தத்தை விட்டால் கட்டிகட்டும், பி ரத்தத்தை விட்டால் கட்டிகட்டும், ஓ ரத்தத்தை விட்டால் சும்மா இருக்கும். தன் இனத்தோடு யார் சண்டை போடுவார்கள்?

ஏ ரத்தம் ஒரு நர்ஸிடம் வாங்கினேன், பி எக்ஸ்ரே அறைக்காரரிடம். ஓவுக்கு என் விரலையே குத்திக்கொண்டேன். இசக்கிப்பிரியாவின் ரத்தத்தைச் சுழற்றி, தெளிந்த நீரை மூன்று குழாயில் விட்டு, ஆளுக்கொன்றாக அந்த ரத்தங்களைச் சேர்த்தேன். முதல் குழாய் கட்டிகட்டியது. இரண்டாவதும். மூன்றாவதில் என் சொந்த ரத்தம் இருந்தது. அதைக் கையில் எடுத்து வெளிச்சத்தில் சாய்த்தபோது பால் திரிந்ததுபோலத் திரிதிரியாக நின்றது. நான் சரியாகத்தான் செய்தேனா என்று மறுபடி செய்தேன். மறுபடியும் திரிந்தது.

“கர்த்தாவே” என்றேன். கொஞ்சம் சத்தமாகவே சொல்லிவிட்டேன் போல, குழந்தை அழ ஆரம்பித்தது.

மதுரையில் பெரிய பரிசோதனைக் கூடம் ஒன்றுக்கு மாதிரி அனுப்பினேன். மறுநாளே உறுதிசெய்து பதில் வந்தது. பம்பாய் குரூப், வெளியே பார்த்தால் ஓ போலவே தெரிகிற அபூர்வ வகை. உடனே கவினையும் செல்வராணியையும் ஆள்விட்டுக் கூப்பிட்டேன். வந்தார்கள். இசக்கிப்பிரியா ஒரு மூலையில், அவர்கள் எதிர் மூலையில். குழந்தை நடுவில் என் மேசைமேல் தூங்கியது.

“தம்பி, நான் சொல்லுததைக் கவனமாக் கேளு” என்றேன் கவினிடம். “ரத்த வகைங்கது ரெண்டு துண்டுத் துணி மாதிரி. ஒண்ணு அப்பா தருவாரு, ஒண்ணு அம்மா தருவாங்க. ஏ துணி கிடைக்கலாம், பி துணி கிடைக்கலாம், ஒண்ணும் கிடைக்காமலும் போகலாம். ரெண்டு பேரும் ஒண்ணும் தரலைன்னா நீ ஓ. உனக்கு அப்படித்தான். உங்கிட்ட துணியே இல்ல.”

“அவகிட்டயும் இல்லதானக்கா? அவளும் ஓதான?”

“அங்கதான் எல்லாரும் ஏமாந்துட்டோம். துணியைக் காயப்போடக் கொடி வேணும்லா? எல்லாருக்கும் பிறக்கும்போதே அந்தக் கொடி கட்டித்தான் இருக்கும். இவளுக்குக் கொடியே இல்ல. இவ அப்பாகிட்டயும் அம்மாகிட்டயும் ஆளுக்கு ஒரு பழுது ஒளிஞ்சு கிடந்திருக்கு. சொந்தத்துக்குள்ள கட்டினதால ரெண்டும் இவகிட்ட வந்து சேந்துட்டு. இவகிட்ட பி துணி இருக்கு, ஆனா வாளியிலேயே கிடக்கு. வெளிய நின்னு பாத்த பெட்டி, கொடியில ஒண்ணும் இல்ல, அதனால இவ ஓன்னு எழுதிட்டு.”

“அப்ப பிள்ளைக்கு?”

“பிள்ளைக்கு நீ கொடி குடுத்துட்ட. இவ குடுத்த துணி அதுல தொங்குது. அதான் பி.”

கவின் மேசையைப் பிடித்துக்கொண்டு நின்றான். பிறகு வாய்விட்டு அழுதான். நல்ல வளர்த்தியான ஆள், மீசையெல்லாம் நனைய அழுததைப் பார்க்கப் பாவமாகவும் இருந்தது, இரண்டு அறை விடலாம் போலவும் இருந்தது. இசக்கிப்பிரியா அவனைப் பார்க்கவே இல்லை.

“இன்னொண்ணும் இருக்கு” என்றேன். “இவளுக்கு ஓ ரத்தம்கூட ஏத்த முடியாது, இவ வகையேதான் வேணும். பிரசவத்துல ரத்தம் போயிருந்தா நாங்க ஓவை ஏத்தி, நாங்களே இவளைக் கொன்னுருப்போம். இந்தப் பிள்ளை பியா பிறந்ததுனாலதான் அது தெரிஞ்சிருக்கு.”

செல்வராணி முந்தானையை வாயில் வைத்துக்கொண்டாள். கவின் கண்ணைத் துடைத்துக்கொண்டு, “அப்ப நிச்சயமா என் பிள்ளதானக்கா?” என்றான்.

நான் பொய் சொல்லியிருக்கலாம். முப்பத்திரண்டு வருடப் பழக்கம் விடவில்லை. “ரத்த வகைக்கு ‘இல்ல’ன்னு சொல்லத்தான் தம்பி தெரியும். ‘ஆமா’ன்னு சொல்லத் தெரியாது. இனி அது ‘இல்ல’ன்னு சொல்லாது. அவ்வளவுதான் நான் சொல்ல முடியும். இந்தச் சான்றைக் குடும்பப் பதிவு அலுவலகத்துல குடுத்து, என் பிள்ளைன்னு நீ உறுதிமொழி எழுதிக் கையெழுத்துப் போட்டா கோடு போயிரும். அது போதாதுன்னா மரபணுச் சோதனை இருக்கு. அது ஆமான்னும் சொல்லும், இல்லைன்னும் சொல்லும்.”

அவன் யோசித்தான். செல்வராணிக்கு யோசனையே இல்லை. “அதையும் பாத்துருவோம் எஸ்தரம்மா. ஊர்வாயை மூட ஒரேயடியாப் பாத்துருவோம்” என்றாள்.

இசக்கிப்பிரியா அப்போதுதான் திரும்பினாள். “பாருங்க. நல்லாப் பாருங்க. பாத்துட்டு எல்லாரும் மூஞ்சிய எங்க கொண்டு வெக்கியன்னு நானும் பாக்கேன்.”

அந்தப் பேச்சில் இருந்த கோபம் எனக்குப் பிடித்திருந்தது. அவளுக்கு அந்த வெற்றி கிடைக்கவேண்டும் என்று மனதார ஆசைப்பட்டேன்.

மறுநாள் பதின்மூன்றாம் நாள். பதிவு அலுவலகம் மருத்துவமனை வளாகத்திலேயே இருக்கிறது. சான்று கொடுத்தவள் என்ற முறையில் நானும் போனேன். கண்ணாடிக்குப் பின்னால் இருந்த அலுவலர் சாந்தமான மனிதர். சோதனைக்கான படிவத்தை நீட்டி, தாய் சம்மதம் இங்கே, தந்தை சம்மதம் இங்கே என்று காட்டினார். இசக்கிப்பிரியா பேனாவை வாங்கி எழுத ஆரம்பித்துவிட்டாள்.

“இது பிள்ளைக்கும் தகப்பனுக்கும் மட்டும் பாக்குற சோதனை இல்லம்மா” என்று அலுவலர் சொன்னார். “பதிவுல ஒரு இடத்துல பிழைன்னு வந்துட்டா, மேல ரெண்டு தலைமுறை வரைக்கும் சரிபாத்துதான் திருத்தும். தந்தை வழித் தாத்தா, பாட்டி ரெண்டு பேரையும் பாக்கும்.”

“எங்கப்பா தவறிட்டாங்களே சார்” என்றான் கவின்.

“பரவாயில்ல. மருத்துவமனையில இருந்தப்ப எடுத்த மாதிரி இருக்கு. உங்கம்மா இப்ப குடுத்தாப் போதும். உங்களுக்கு அவர் அப்பாதான்னு முதல்ல உறுதி பண்ணிட்டு, அப்புறம்தான் உங்க பிள்ளைக்கு வரும்.”

செல்வராணி என் பக்கத்தில்தான் நின்றிருந்தாள். அவள் கை நாற்காலியைத் தேடியது. கிடைக்காமல் என் தோளைப் பிடித்தது.

“வேண்டாம்யா” என்றாள்.

“என்னம்மா?” என்றான் கவின்.

“அப்பாவை எதுக்கு இதுல இழுத்துக்கிட்டு. போய்ச் சேந்த மனுசன். வேண்டாம்யா.”

“எம்மா, அப்பாவை யாரு என்ன செய்யப் போறா? டப்பாவுல இருக்க சாம்பிள்தான. நீங்கதான நேத்து ஒத்தக்கால்ல நின்னிய.”

“வேண்டாம்னு சொல்லுதேன்லா.” முகம் பேயறைந்தது போல ஆகிவிட்டது. ஐம்பத்தைந்து வயதுக்காரி, ஒரு நிமிடத்தில் எனக்கு மூத்தவள் போலானாள்.

எனக்குப் புரிந்துவிட்டது. கவினின் வகையும் அவன் அப்பாவின் வகையும் பொருந்தித்தான் இருந்தன, குருதிக்கண் ஒருநாளும் அதை மறுத்ததில்லை. மறுக்காததுதான் இத்தனை வருடம் அவளைக் காப்பாற்றியது. மரபணுச் சோதனை அப்படி விட்டுவைக்காது. அது எந்தக் காலத்துக் கதையோ, யாரோ, சம்மதமோ கொடுமையோ, எனக்குத் தெரியாது. தெரிந்துகொள்ள ஆசையும் இல்லை. கவினுக்குப் புரியவில்லை. அம்மாவுக்கு அப்பா நினைவு வந்துவிட்டது என்று நினைத்து அவள் முதுகைத் தடவினான்.

இசக்கிப்பிரியாவின் பேனா நின்றிருந்தது. ‘இசக்கி’ வரைக்கும் எழுதியிருந்தாள். மாமியாரைப் பார்த்தாள். மாமியார் அவளைப் பார்த்தாள். பதின்மூன்று நாளாக யார் முகத்தை யார் பார்ப்பது என்று இருந்தவர்கள்.

இசக்கிப்பிரியா எழுதியதன் மேல் ஒரு கோடு இழுத்தாள்.

“எனக்கு இந்த டெஸ்ட் வேண்டாம்.”

கவின் திடுக்கிட்டுத் திரும்பினான். “என்ன?”

“வேண்டாம். சார், என் சம்மதம் இல்லாம எடுக்க முடியாதுல்லா?”

“முடியாதும்மா” என்றார் அலுவலர்.

“ப்ரியா, நேத்து நீதான பாருங்க பாருங்கன்னு…”

“நேத்து சொன்னேன். இன்னைக்குச் சொல்லல.” அவள் முகம் சிவந்திருந்தது. கிடைக்கவிருந்த வெற்றியைத் தானே கைகழுவுகிறாள், அதன் கசப்பு அவள் குரலில் தெரிந்தது. “அக்கா சான்று குடுத்துட்டாங்க. மிச்சத்தை நான் சொல்லுதேன். இது உங்க பிள்ள. என் பேச்சை நம்பினா உறுதிமொழியில கையெழுத்துப் போடுங்க. இல்லைன்னா கோடு அப்படியே கிடக்கட்டும், நான் கிளம்புதேன்.”

அவன் முகத்தில் பழைய சந்தேகம் மெல்ல ஏறுவதை நான் பார்த்தேன், அவளும் பார்த்தாள். என் நாக்கு நுனிவரை வந்துவிட்டது. ஒரு வாக்கியம் போதும், அந்தச் சந்தேகத்தை வேரோடு பிடுங்கிவிடலாம். ஆனால் அதைச் சொன்னால் வேறொரு பெண்ணைப் பிடுங்கி வெளியே எறிய வேண்டும். அவள் என் தோளைப் பிடித்துக்கொண்டு நின்றாள். நான் வாயை மூடிக்கொண்டேன்.

“போடுய்யா” என்றாள் செல்வராணி. “அவ பொய் சொல்லமாட்டா. எனக்குத் தெரியும். நான் சொல்லுதேன், போடு.”

அலுவலர் நாகரிகமாக வேறு எதையோ பார்த்துக்கொண்டிருந்தார். கடைசியில் கவின் பேனாவை எடுத்துக் கையெழுத்துப் போட்டான். திரையில் கோடு அழிந்து, தந்தை கட்டத்தில் முத்துக்கவின் என்று ஏறியது.

வெளியே வந்ததும் செல்வராணி வேப்பமரத்தடி பெஞ்சில் தொப்பென்று உட்கார்ந்துவிட்டாள். இசக்கிப்பிரியா குழந்தையை அவள் மடியில் போட்டாள். மாமியார் குழந்தையின் மேல் குனிந்துகொண்டாள், நிமிரவே இல்லை. மருமகள் அவளை மறைத்தாற்போல முன்னால் நின்றுகொண்டாள்.

கவின் என்னைத் தாழ்வாரத்தில் நிறுத்தினான். “அக்கா, உண்மையைச் சொல்லுங்க. கடைசி நிமிசத்துல அவ ஏன் வேண்டாம்னா?”

“ஊசின்னா பயமா இருந்திருக்கும்.”

“பிள்ளை பெத்தவளுக்கா?”

நான் நகரப் பார்த்தேன். அவன் விடவில்லை. “இனி நான் அதை அவகிட்டக் கேக்கக்கூடாது, என்ன?”

“கேக்கக்கூடாது தம்பி. பதிமூணு நாளு அவளை நீ ஒண்ணும் கேக்காமலே விட்டுட்டுப் போனல்லா. இனி ஒண்ணும் கேக்காம கூட இருக்கணும்.”

“இருந்துருவேனாக்கா?”

“அதைச் சொல்ல எங்கிட்ட மெஷின் இல்ல.”

அவன் அந்த இரண்டு பெண்களையும் பார்த்தான். பிறகு படியிறங்கிப் போய், மனைவியின் தோளில் கிடந்த பையை வாங்கித் தன் தோளில் போட்டுக்கொண்டான். அவள் கொடுத்தாள். என்னவோ கேட்க வாயெடுத்தான். கேட்காமல், “வெயிலா இருக்கு, போலாமா?” என்றான்.